படத்துக்காகச் சாப்பிட்டவர்கள்

"வெளிச்சம் சரியா விழலைங்க. இன்னொருக்கா சாப்பிடுங்க," என்றான் மாணிக்கம், காமிராவுக்குச் சாவி கொடுத்தபடி.

குடிசை வாசலில் பொன்னாயியும் பிள்ளைகளும் மறுபடி தட்டை நீட்டினார்கள். படக் கம்பெனி அரிசியில் வெந்த சோறு மறுபடி விழுந்தது.

பக்கத்தில் நின்ற அர்த்தனாரிக்கு உடம்பெல்லாம் பற்றி எரிந்தது.

அவர் அடிவாரத்து மிளகு வியாபாரி. யுத்தத்தால் அரிசி கிடைக்காத காலம். மழையும் ஏமாற்றி, மலைமேல் தேவனூர் நாட்டில் சாமை முழுக்கப் பதராய்ப் போயிருந்தது. மலை ஜனங்களைப் படம் பிடிக்க வந்த மாணிக்கத்துக்கு அவர் வழிகாட்டியாய் வந்ததே, ஊர்ப் பசி வெளியே தெரியட்டும் என்றுதான்.

வந்த பிறகல்லவா சங்கதி தெரிந்தது. மலையில் பஞ்சமே இல்லை, எல்லாரும் வயிறாரச் சாப்பிடுகிறார்கள் என்று காட்ட வேண்டுமாம். கம்பெனி முதலாளி உத்தரவு. அந்தப் படத்தைப் பார்த்துத்தான் நிவாரண அரிசி அனுப்புவதா வேண்டாமா என்று மேலே சர்க்காரில் முடிவு செய்வார்களாம்.

போன வாரம் அர்த்தனாரி கொடுத்த அரிசியைப் பொன்னாயி தொடவில்லை. உழைக்காமல் வாங்கித் தின்றால் குலசாமிக்கு ஆகாது என்று திருப்பிவிட்டாள். படத்துக்குச் சாப்பிடுவதும் கூலி வேலைதான் என்று மாணிக்கம் சொன்னதை நம்பி இப்போது உட்கார்ந்திருக்கிறாள்.

"கொஞ்சம் சிரிச்சுக்கிட்டே சாப்பிடுங்க. அடுத்தது பக்கத்து ஊட்டுக்காரங்க வந்து உக்காரட்டும்."

அர்த்தனாரிக்குப் பொறுக்கவில்லை.

"ஏய்யா, ஒரு வேளைச் சோத்தைப் போட்டு ஒரு ஊரு வாயையே அடைக்கறியே? மிளகுல பப்பாளி விதை கலக்கறவன்கூட உன்னைவிட யோக்கியன்யா."

மாணிக்கம் மறுபடி காமிராவுக்குச் சாவி கொடுத்தான்.

அர்த்தனாரி காமிராவைப் பிடுங்கிக்கொண்டு மரத்தடிக்குப் போனார். உள்ளே இருக்கும் பிலிமை உருவி வெயிலில் போட்டால் எல்லாம் பாழ். மூடியைத் திறந்தார்.

உள்ளே ஒன்றுமே இல்லை.

பின்னாலேயே ஓடிவந்த மாணிக்கம் குரலைத் தாழ்த்தினான். "பிலிம் நேத்தே தீர்ந்துபோச்சுங்க. ஊடு ஊடாப் போயி, தானியம் இல்லாமக் கெடக்கற தொம்பையெல்லாம் படம் எடுத்துட்டேன். அதுதான் மேலே போகப்போகுது. என் வேலை போனாப் போகட்டும்."

"அப்ப இது?"

"கம்பெனி அரிசி மூட்டை மிச்சமிருக்குதுங்க. வேலைன்னு சொன்னாத்தானே திங்கறாங்க. மெதுவாப் பேசுங்க, காதுல விழுந்தா தட்டைக் கீழ வெச்சிருவாங்க."

அங்கிருந்து பொன்னாயி கேட்டாள். "ஏனுங்க, நாங்க சரியாச் செய்யலீங்களா?"

அர்த்தனாரி மூடியை அழுத்திச் சாத்தினார். முகத்தில் கோபம் அப்படியே இருந்தது.

"எங்க செஞ்சீங்க? சின்னவ மூஞ்சி படத்துல விழவேயில்லையாம். வாங்கற கூலிக்கு வேலை சுத்தமா இருக்க வேண்டாமா? அவளுக்கு இன்னும் ரெண்டு கரண்டி போடுய்யா," என்று அதட்டினார்.