மணித்தியாலச் சம்பளம்

“பயப்பிடாதையும். நான் உம்மடை பக்கம்தான்” என்றார் மொழிபெயர்ப்பாளர் குணசேகரம், கழுத்துப்பட்டியைச் சரிசெய்தபடி.

செல்வமலரின் முகம் இறுகியது. “பேனாட் அண்ணை வாறதெண்டுதானே சொன்னவை?”

“அவருக்குக் காய்ச்சல். இந்தப் பக்கத்திலை தமிழுக்கு நாங்கள் ரெண்டே பேர். வேண்டாமெண்டால் சொல்லும், எழும்பிப் போறன். அடுத்த தவணை கோடைக்குத்தான் கிடைக்கும்.”

கோடை வரை அவளால் தாங்க முடியாது. விவாகரத்துத் தீர்ப்பு வரும் வரைக்கும் கணவனிடமிருந்து அவளுக்கும் பிள்ளைக்கும் தாபரிப்புப் பணம் உண்டா என்பது இன்று முடிவாகும். இக்காஸ்ட் தையல் தொழிற்சாலையில் அவள் பார்க்கும் அரைநாள் வேலை வாடகைக்கே காணாது.

“இருங்கோ” என்றாள்.

அதிகாரி கிர்ஸ்டன் ஒரு கையில் பிளாஸ்க்கும் மறு கையில் ஃபைலுமாக உள்ளே வந்தார். இந்த அலுவலகத்துக்குப் புதியவர். “வணக்கம் குணசேகரம்” என்று கை குலுக்கினார். பாஸ்போட்டில் முதலில் நின்ற பெயர் அது. டெனிஷ்காரர் எல்லோரும் அவரை அப்படித்தான் அழைத்தார்கள்.

கோப்பிக்குப் பால் வேண்டுமா என்று டெனிஷ் மொழியில் கேட்டார் கிர்ஸ்டன். செல்வமலர் வேண்டாமென்று தலையாட்டினாள்.

கிர்ஸ்டன் ஃபைலைத் திறந்தார். “கணவர் பெயர் தேவராசா. பிரெடெரிசியாவில் தனியாக இருக்கிறார். அவருக்கும் அழைப்பு அனுப்பினோம். ஏன் வரவில்லை?”

“மனுசன் ஏன் வரேல்லையெண்டு கேக்கிறா” என்றார் குணசேகரம் தமிழில்.

“அதை நீங்களே சொல்லுங்கோவன்.”

அவர் கிர்ஸ்டனிடம் திரும்பினார். “தெரியாதாம்.”

“பிள்ளைக்கு எத்தனை வயது?”

“நாலு. குளிர் தொடங்கினால் இழுப்பு வந்துவிடும்.” செல்வமலர் வாய் திறக்கும் முன்பே பதில் போய்விட்டது. குணசேகரம் செருமிக்கொண்டார்.

“கணவருக்கு என்ன வருமானம்?”

“மனுசன்ரை உழைப்பைக் கேக்கிறா. யோசிச்சுச் சொல்லும். நாளைக்கு எங்கடை ஆக்களின்ரை முகத்திலை முழிக்க வேணும்.”

“யோசிக்க என்ன கிடக்கு? பிளாஸ்ரிக் ஃபக்டரியிலை வேலை. அதுக்கு மேலை மணித்தியாலக் கணக்கிலை இன்னொரு உழைப்பு. அதிலை பிள்ளைக்கு ஒரு சப்பாத்து வாங்கிக் குடுத்ததில்லை. நான் சொன்னதை அப்பிடியே சொல்லுங்கோ.”

குணசேகரம் தலையசைத்துவிட்டு டெனிஷில் சொன்னார்: “கணவருக்கு வேலை இல்லையாம். மொழிப் பள்ளிக்கூடம் போகிறாராம். இவர் பெரிதாக ஒன்றும் எதிர்பார்க்கவில்லையாம்.”

கிர்ஸ்டனின் பேனா நின்றது. “இவர் இன்னும் நிறையச் சொன்னது போல இருந்ததே?”

“தமிழ் கொஞ்சம் இழுத்துப் பேசுகிற மொழி” என்று சிரித்தார் குணசேகரம்.

கிர்ஸ்டனும் சிரித்துவிட்டு எழுதினார். செல்வமலர் கோப்பிக் கோப்பையை இரண்டு கையாலும் பிடித்திருந்தாள்.

“எல்லாம் சொல்லிப்போட்டியளோ?”

“ஒரு சொல்லும் விடேல்லை.”

“நல்லது” என்றாள்.

கிர்ஸ்டன் பெருமூச்சு விட்டார். “வருமானமே இல்லாதவரிடம் நான் எதை வாங்கித் தருவது? பிள்ளைக்கு ஆகக் குறைந்த தொகை. மனைவிக்கு ஒன்றும் இல்லை.”

இதை மட்டும் குணசேகரம் பிசகாமல் மொழிபெயர்த்தார். “பிள்ளைக்கு ஏதோ கொஞ்சம். உமக்கு ஒண்டுமில்லை. நான் என்ன செய்யிறது, இவையின்ரை சட்டம் அப்பிடி.”

அவ்வளவுதான். கிர்ஸ்டன் ஃபைலை மூடி ஓரமாக வைத்தார். மொழிபெயர்ப்பாளருக்கான மணித்தியாலச் சம்பளச் சீட்டை எடுத்துக் கையெழுத்துப் போட்டு, மேசையில் குணசேகரத்தின் பக்கம் தள்ளினார்.

அவர் கை அதைத் தொடும் முன் செல்வமலரின் உள்ளங்கை அந்தச் சீட்டின் மேல் விழுந்தது.

“இந்தச் சம்பளத்தை என்னுடைய ஃபைலிலும் எழுதுங்கள்.”

டெனிஷில் சொன்னாள். தையல் மெஷின்களுக்கு நடுவில் பழகிய, கரடுமுரடான டெனிஷ். ஆனால் ஒரு சொல்லிலும் பிழையில்லை.

குணசேகரத்தின் கை பாதியில் நின்றது. “உமக்கு எப்ப டெனிஷ்...” என்றார்.

கிர்ஸ்டன் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். “இது குணசேகரத்தின் சம்பளம். உங்கள் ஃபைலில் எதற்கு?”

“குணசேகரம் யாழ்ப்பாணத்தில் இருக்கிற என் மாமனார். இவர்தான் தேவராசா.”