ஹார்லனின் இரண்டு குதிரைகள்

அந்தக் கோமான்சி பழங்குடிக் கூடாரத்தில் அன்று இருந்தவர்கள் பெரியவர் நவ்னி, அவர் மனைவி, மகள் தோயா, தண்ணீர் கேட்டு வந்த கௌபாய் ஹார்லன்.

குடித்துவிட்டு அவன் எட்டிப் பார்த்தபோது, வாசலில் கட்டிய இரண்டு குதிரைகளையும் காணோம். குதிரையில்லாமல் அந்தப் பொட்டல்வெளியைத் தாண்டியவன் கிடையாது.

“என் குதிரைங்க எங்க?” என்று தனக்குத் தெரிந்த ஸ்பானிஷில் கத்தினான்.

“எங்க மந்தையில சேத்தாச்சு. உக்காந்து சாப்பிடு,” என்றார் நவ்னி.

“என்னைக் கொல்லப் போறீங்களா?”

“ஏம்ப்பா, இவரு இப்படி நடுங்குறாரு?” தோயா சிரித்தாள். “நாந்தானே ஓட்டிட்டுப் போய் விட்டேன்!”

நவ்னி முதுகை நிமிர்த்தினார். “எங்க வழக்கப்படி வாசல்ல குதிரையக் கட்டி எம்பொண்ணைக் கேட்ட. அவளும் மந்தையில சேத்துச் சம்மதம் சொல்லிட்டா. இனி என்ன பயம், மாப்ளே?”

திரும்பி வராத ஹார்லனைக் கோமான்சிகள் கடத்திவிட்டார்கள் என்று அவன் வேலை பார்த்த பண்ணையில் பேசிக்கொள்கிறார்கள். யாரும் கடத்தவில்லை. அவன் முறைப்படி பெண் கேட்டு வந்தவன்.