உப்புப் பார்த்தவள்

ஹம்ஸியா கரண்டியை நீட்டியதும் நிரஞ்சலா முதலில் அடுப்பைப் பார்த்தாள், பிறகு கதவைப் பார்த்தாள். தப்பிக்க வழி எதுவும் இல்லை.

கரண்டியில் கடைக்குப் போகும் அச்சாறு: ஒரு கறிமிளகாய்த் துண்டு, கொஞ்சம் சீனிப்பாகு, இரண்டு கடுகு.

"வாயில போட்டுப் பாரு மகள். உப்பு காணுமா, சீனி காணுமாண்டு சொல்லு."

போட்டுக்கொண்டாள். சூடு தெரிந்தது. கொச்சிக்காய் நாக்கைச் சுட்டது. வேறொன்றும் தெரியவில்லை. ஈரத் துணியை மெல்லுவது போல இருந்தது.

போன மாதம் காய்ச்சலில் விழுந்ததிலிருந்து அவளுக்கு இதுதான் கதி. கறியும் ஒன்றுதான், கஞ்சியும் ஒன்றுதான். வேலைக்கு வந்தவளை ஹம்ஸியாதான் தன் வீட்டிலேயே படுக்க வைத்து, கொத்தமல்லி அவித்துக் கொடுத்துத் தேற்றினார். பிறகு அவரும் இரண்டு நாள் படுத்து எழும்பினார். காய்ச்சல் போய்விட்டது. நிரஞ்சலாவின் நாக்கு மட்டும் திரும்பி வரவில்லை.

இதை அவள் யாரிடமும் சொல்லவில்லை. எப்படிச் சொல்வது? வீட்டில் அவளைத் தவிர எல்லோருக்கும் நோன்பு. பகலில் யாரும் எதையும் வாயில் வைக்க முடியாது. ஹம்ஸியாவோ அளந்து போடுகிறவர் இல்லை. கையால் அள்ளிப் போட்டு, ருசி பார்த்துக் கூட்டிக் குறைப்பதுதான் அவர் வழக்கம்.

மற்ற வருடங்களில் நோன்பு நேரத்திலும் நாக்கு நுனியில் தொட்டுத் துப்பிவிட்டுச் சொல்லிவிடுவார். சமைக்கிறவர்களுக்கு அதற்கு இடமுண்டாம். இந்த வருடம் அதுவும் கிடையாது. அக்காவுக்குப் பேணுதல் கூடிவிட்டது என்று நினைத்தாள் நிரஞ்சலா. நோன்பு தொடங்கிய நாளிலிருந்து ருசி பார்க்கிற வேலை முழுக்க அவள் தலையில்.

ருசி தெரியாத ஆளுக்குக் குசினியில் என்ன வேலை? தேயிலைத் தோட்டத்துக்குத் திரும்பிப் போய்க் கூடையை மாட்டிக்கொண்டு மலை ஏற வேண்டியதுதான். நினைத்தாலே அட்டை கடித்த இடமெல்லாம் அரித்தது.

அதைவிடப் பெரிய பயமும் ஒன்று இருந்தது. பண்டாரவளையில் கடை வைத்திருக்கும் ஜௌபர் சற்று முன் போனில் சொன்னதை அவளும் கேட்டாள். போன தடவைப் போத்தல்கள் வழக்கம்போல இல்லையாம். வாங்கியவர்கள் திருப்பிக் கொண்டுவந்து வைத்தார்களாம். பெருநாளுக்கு அனுப்புவதும் அப்படியிருந்தால் இனி வேறு இடம் பார்த்துக்கொள்வாராம். ஹம்ஸியாவின் குடும்பம் ஓடுவதே அந்தக் கடையால்தான்.

அந்தப் போனைத் தோளில் இடுக்கிக்கொண்டுதான் ஹம்ஸியா சட்டியில் உப்புப் போட்டார். போனை வைத்துவிட்டு வந்து மறுபடியும் போட்டாரோ? நிரஞ்சலாவுக்கு அப்படித்தான் பட்டது. சத்தியம் பண்ணச் சொன்னால் பண்ண மாட்டாள்.

பாகை விரலால் தொட்டு உரசிப் பார்த்தாள். பிசுபிசுத்தது. சீனி இருக்கிறது. உப்புக்கு அப்படி ஒரு வழியும் இல்லை.

ஹம்ஸியா அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"எல்லாம் போதுங்கக்கா," என்றாள்.

கொதிக்கக் கொதிக்கப் போத்தல்களில் நிரப்பினார்கள். மூடியைத் திருகி, அடியில் துணி விரித்த அண்டாவில் அடுக்கி, அவித்து எடுத்து மேசையில் வைத்தார்கள். ஆற ஆற மூடிகள் ஒவ்வொன்றாக உள்ளே இழுபட்டு டக், டக் என்றன. மற்ற நாட்களில் அவளுக்கு அந்தச் சத்தம் பிடிக்கும். இன்று ஒவ்வொரு டக்கையும் எண்ணிக்கொண்டிருந்தாள்.

இப்போதாவது சொல்லித் தொலை என்றது மனசு. போத்தல்களைத் துடைத்தாள். லேபல் ஒட்டினாள். ஜௌபரின் வேன் வந்து நின்றபோது பெட்டிகளைத் தூக்கிக் கொடுத்ததும் அவள்தான். வேன் புறப்பட்டுப் போனது.

கொஞ்ச நேரத்தில் நோன்பு திறக்க மகரிப் வாங்கு கேட்டது. ஹம்ஸியா பேரீச்சம்பழத்தைக் கடித்துத் தண்ணீர் குடித்தார்.

சட்டியின் அடியில் கொஞ்சம் மிச்சமிருந்தது. நிரஞ்சலாவுக்கு அதற்கு மேல் பொறுக்கவில்லை. ஒரு கரண்டி அள்ளி நீட்டினாள்.

"இப்ப நீங்களே பாருங்கக்கா. எதுன்னாலும் சொல்லிருங்க."

ஹம்ஸியா முழுக் கரண்டியையும் வாயில் போட்டு மென்றார். முகம் சுளிக்கவில்லை. புருவம்கூட அசையவில்லை. விழுங்கிவிட்டு, சட்டியிலிருந்து இன்னொரு துண்டையும் எடுத்துப் போட்டுக்கொண்டார்.

உப்புக் கூடியிருந்தால் இப்படிச் சாப்பிட முடியுமா? நிரஞ்சலாவுக்குப் போன உயிர் திரும்பி வந்தது. அழுகை வரும்போல இருந்தது. இனிப் பயமில்லை, நாக்குச் சங்கதியை இன்றைக்கே சொல்லிவிடலாம் என்று வாயெடுத்தாள்.

ஹம்ஸியா முந்திக்கொண்டார். குசினிக் கதவைச் சாத்திவிட்டு வந்து அவள் கையைப் பிடித்துக்கொண்டார். குரல் தாழ்ந்திருந்தது.

"ஒனக்கு மட்டும் சொல்றன் மகள், ஊட்டுல யாருக்கும் தெரியாது. அந்தக் காய்ச்சலோட எனக்கு ருசியே விளங்குதில்ல. போன தடவையும் இந்தத் தடவையும் ஒன்ட நாக்க நம்பித்தான் போத்தல்ல போட்டன். அல்லாஹ் அதுக்கு ஒரு கொறையும் வைக்காம இருக்கோணும்."

வேன் அதற்குள் பண்டாரவளைப் பாதையில் ஹாலிஎலயைத் தாண்டியிருக்கும்.