புரளாத பக்கம்

'சொர்ர்ர்...'

வேலிக்கு அந்தப் பக்கக் கொட்டகையிலிருந்து முதலில் சத்தம்தான் வந்தது.

வருஷக் கடைசி நாள். தெரு முழுக்க 'ஓலிபோல்' என்ற இனிப்பு மாவு உருண்டை சுட எண்ணெய் காயும் நாள். ஆனால் பக்கத்து வீட்டு ஹிஸ்கேவுக்குக் கண் போய் எட்டு மாதம் ஆகிறதே, சுடுவது யார்?

நறுக்கித் தருவதாகச் சொல்லியிருந்த ஆப்பிள்களைக் கிண்ணத்தோடு தூக்கிக்கொண்டு லோட்டே ஓடினாள்.

சுட்டுக்கொண்டிருந்தது ஹிஸ்கேதான்! உலர்திராட்சை மாவை ஒரு கரண்டி விட்டாள். தலையைச் சாய்த்தாள்.

"புரண்டுடுச்சு."

எண்ணெயில் அந்த உருண்டை அப்போதுதான் தானாகப் புரண்டிருந்தது.

"இப்போ சத்தம் மெலியுது, கேக்குதா? வெந்தாச்சு."

ஜல்லிக்கரண்டி நேராகப் போய் அள்ளியது. பொன் நிறம். ஒரு புள்ளி கருகல் இல்லை.

லோட்டேவுக்குச் சிலிர்த்தது. பயமாகவும் இருந்தது. கரண்டியை வாங்கக் கை நீட்டினாள்.

"விடு! இன்னிக்கு யாராவது கை கொடுத்தா, நாளையிலேருந்து நான் நாற்காலியிலேயே உட்கார்ந்து சாக வேண்டியதுதான்."

அப்போதுதான் மூலையில் ஹிஸ்கேயின் கணவர் வோப்பேவைப் பார்த்தாள். கேஸ் சிலிண்டர் பக்கத்தில் முக்காலி போட்டு, மடியில் செய்தித்தாளை விரித்து, ராஜா மாதிரி உட்கார்ந்திருந்தார்.

"ஏங்க வோப்பே, இவங்களைக் கொதிக்கிற எண்ணெய்கிட்ட விட்டுட்டு உங்களுக்குப் பேப்பர் கேக்குதா?"

"மகாராணி உத்தரவும்மா. நான் தொட்டா கெட்டுப்போயிடுமாம்."

"எழுந்து அவங்க கால்ல இடறுற அந்த வாளியையாவது நகர்த்துங்க."

"இடுப்பு பிடிச்சிருக்கு."

"நாப்பத்தோரு வருஷமா தின்னும்போது மட்டும் இந்த இடுப்பு பிடிச்சதில்லை" என்றாள் ஹிஸ்கே.

நாலு வார்த்தை நறுக்கென்று கேட்டுவிடுவதென்று லோட்டே அவர் அருகில் போனாள்.

அருகில் போனதும்தான் தெரிந்தது.

செய்தித்தாளுக்கு அடியில் சட்டி மூடியும் ஈரத் துணியும் தயாராக இருந்தன. இடது கை சிலிண்டர் திருகை விடவில்லை. காலடியில் ஆடை படிந்த காப்பி. கண் இமைக்காமல் மனைவியின் விரல்களையே பார்த்துக்கொண்டிருந்தார்.

உதட்டில் விரல் வைத்து, 'சொல்லாதே' என்று தலையாட்டினார்.

"மாவு தீர்ந்தது" என்றாள் ஹிஸ்கே. "உள்ளே இன்னொரு பாத்திரம் பொங்கி நிக்குது. அதையாவது கொண்டு வாரும் கிழவரே!"

வோப்பே முதலில் கேஸை மூடினார். "கேஸ் என்ன சும்மாவா வருது?" என்று முணுமுணுத்தபடி துள்ளி எழுந்து போனார்.

தூரத்துப் புல்வெளியில் பையன்கள் புது வருஷத்துக்காகப் பால் கேனில் வெடி போட்டார்கள். ஹிஸ்கே அசையவில்லை. அவர் காலடிச் சத்தம் தேயும்வரை காத்திருந்தாள்.

"அவரைத் திட்டாதே பொண்ணே."

"இல்லைங்க, நான்..."

"பேப்பர்ல மரண அறிவிப்பைக்கூட ஒரு வரி விடாம படிக்கிற மனுஷன். காலையிலேருந்து ஒரு பக்கம் புரண்ட சத்தம் வரலை." இடுப்பில் கட்டியிருந்த சமையல் துணியில் கையைத் துடைத்துக்கொண்டாள். "எனக்குத் தெரியாதுன்னு நினைச்சுக்கிட்டிருக்கார். நினைச்சுக்கட்டும்."

காலடிச் சத்தம் திரும்பி வந்தது.

"வந்தீரா சோம்பேறி? எண்ணெய் ஆறுது, பத்த வையும்!"

லோட்டே வாசற்படியில் உட்கார்ந்து ஆப்பிளை நறுக்க ஆரம்பித்தாள்.