டீச்சர் போட்ட கேஸ்

"கோர்ட்டுல நம்ம புள்ளைகளைப் பத்தி ஒரு வார்த்தை பேசலக்கா!"

டீச்சருக்குத் துணையாக மதுரைக் கோர்ட்டுக்குப் போய் வந்த பொன்ராஜ் சொன்னதும், தங்கமாரிக்குச் சுருக்கென்றது.

நரிக்குடிப் பக்கத்து அந்தத் தொடக்கப் பள்ளிக்கு இரண்டே ஆசிரியர்கள். பிள்ளைகள் குறைவு, ஒருவர் போதும் என்று ஞானப்பூ டீச்சரை மாற்றி உத்தரவு வந்தது. அருப்புக்கோட்டையிலிருந்து இரண்டு பஸ் மாறி வருகிறவர் அவர். கேஸ் போட்டார், தடை வாங்கினார், பள்ளியிலேயே இருந்தார். தங்கள் பிள்ளைகளுக்காகத்தான் போராடுகிறார் என்று ஊரே மெச்சியது.

"பின்ன என்னதான்லே பேசுனாக?"

"எல்லாம் அவுக பாடுதான். வேற ஒன்றியத்துக்குப் போனா பணிமூப்பு போயிருமாம். அங்க அவுகதான் கடைசி ஆளாம். வக்கீலு அதையே திருப்பித் திருப்பிச் சொல்றாரு."

தங்கமாரியின் மகள் மூன்றாம் வகுப்பு. ஐந்து வகுப்பையும் ஒரே ஆள் பார்த்தால் அவள் என்னத்தைப் படிப்பாள்?

சாயங்காலம் டீச்சர் பஸ்ஸுக்கு நின்ற இடத்துக்கே போய்விட்டாள்.

"நல்லா ஏமாந்துட்டோம் டீச்சர்."

"என்ன தங்கமாரி, எடுத்த எடுப்புல?"

"புள்ளைகளுக்காக நிக்கிறீகன்னு நெனச்சோம். நீங்க உங்க சீனியாரிட்டிக்கில்ல நிக்கிறீக! வேன்காரருகிட்ட சொல்லிட்டேன். திங்கக்கிழமை மகளை டவுனு பள்ளிக்கூடத்துக்கு ஏத்திவிடப் போறேன்."

டீச்சரின் முகம் வாடிவிட்டது.

"அவசரப்படாதம்மா. இருக்கிற புள்ளைகளும் கொறஞ்சா எந்தக் கேஸும் நிக்காது."

"பெறகு ஏன் அதுகளைப் பத்திப் பேசல?"

"பேசணும்னுதான் போனேன். வக்கீல் எழுத மாட்டேன்னுட்டாரு. 'வேலை சம்பந்தமான கேஸுன்னா, பாதிக்கப்பட்ட ஆளு நீங்கதானான்னு மொதல்ல கேப்பாங்க. புள்ளைக கஷ்டத்தைச் சொன்னா, அதைக் கேக்க நீங்க யாருன்னு வாசல்லயே திருப்பி விட்ருவாங்க. உங்களுக்கு என்ன நஷ்டம், அதைச் சொல்லுங்க'ன்னாரு. நானும் அவரும் தேடித் தேடிப் பார்த்தோம். இந்தப் பணிமூப்பு ஒண்ணுதான் அகப்பட்டுச்சு."

தங்கமாரிக்கு நம்பிக்கை வரவில்லை.

"இது ஒண்ணுதானா? தண்ணியில்லாத காட்டுக்கு மாத்தியிருப்பாக. காலையில எந்திரிச்சு ஓடணும், பஸ்ஸு கெடைக்காது, வீட்டு ஆளுகளைப் பாக்க முடியாது... கஷ்டத்துக்கா பஞ்சம்? அதைச் சொல்லியிருந்தா கோர்ட்டு கேக்காதா?"

"அதெல்லாம் சொல்ல முடியாது தங்கமாரி. பொய்யாயிரும்."

"ஏன் பொய்யாகுது? எந்த ஊருக்குத்தான் மாத்துனாக?"

பஸ் வந்து நின்றது. "ஏறுங்க டீச்சர், ஏறுங்க!" என்று கண்டக்டர் விசிலை வாயில் வைத்தார்.

டீச்சர் படியில் ஏறி, கம்பியைப் பிடித்துக்கொண்டு திரும்பினார். ஏதோ தப்புச் செய்து மாட்டிக்கொண்டவர் போலக் கூச்சத்தோடு சிரித்தார்.

"எங்க ஊருக்குத்தான். அந்தப் பள்ளிக்கூடத்துல பெல் அடிச்சா எங்க வீட்டு அடுப்படியில கேக்கும்."