அறைகள் திறக்கும் வரிசை

அசல் அடைய அடைய, பூட்டியிருக்கும் அறைகள் எந்த வரிசையில் திறக்க வேண்டும் என்று வீட்டுக் கடன் படிவத்திலேயே கேட்டிருந்தார்கள். கூடம், சமையலறை, குளியலறை மூன்றும் முன்பணத்துக்கே திறந்துவிட்டன. மீதியில் சிவநேசனும் கோமதியும் பூஜையறையை முதலில் எழுதினார்கள். எல்லோரும் அப்படித்தான் எழுதுவார்கள். அடுத்தது தங்கள் படுக்கையறை, பிறகு விருந்தினர் அறை. ஒரு வயது மகளுக்குக் கடைசி அறை போதும் என்று தோன்றியது.

முப்பது வருடக் கடனில் இன்றோடு பதினைந்து முடிந்தது. திறந்திருப்பது பூஜையறை மட்டும். மூவரும் இன்னும் கூடத்தில்தான் படுக்கிறார்கள். மகள் மதிவதனி இப்போது பன்னிரண்டாம் வகுப்பு.

சிவநேசன் வங்கிக்குப் போன் செய்தார். "முப்பதுல பதினஞ்சு வருஷம் கட்டிட்டேன் மேடம். பாதி வீடு திறக்கணுமில்ல?"

"இதுவரைக்கும் கட்டினதுல பெரும்பாலும் வட்டிதான் சார். அசல்ல அஞ்சுல ஒரு பங்குதான் அடைஞ்சிருக்கு. அடுத்த அறைக்கு இன்னும் ஏழு வருஷம் ஆகும்."

"பொண்ணோட அறை?"

"கடைசித் தவணையோட திறந்துடும் சார்."

ஸ்பீக்கரில் கேட்டுக்கொண்டிருந்த மதிவதனி சிரித்தாள். "அப்ப எனக்கு முப்பத்தொண்ணுப்பா. பரீட்சைக்கு நிம்மதியாப் படிக்கலாம்."

பிறகு அம்மாவிடம் திரும்பினாள். "அந்தப் பூஜையறையை எனக்குக் குடும்மா. சாமி கூடத்துல இருக்கட்டும்."

"டிவி சத்தத்துலயாடி சாமியை வைக்கச் சொல்றே?"

"நான் இத்தனை வருஷம் அந்தச் சத்தத்துலதானேம்மா இருந்தேன்."

கோமதி சாமி படங்களை ஒவ்வொன்றாகக் கழற்றி, துடைத்து, கூடத்துச் சுவரில் மாட்டினாள்.

உள்ளே கால் நீட்ட இடமில்லை. மதிவதனி புத்தகங்களுடன் உட்கார்ந்து கதவைச் சாத்திக்கொண்டாள். சற்று நேரத்தில் காபியுடன் வந்த கோமதி, முதல்முறையாக மகளின் கதவைத் தட்டினாள்.