மடிக்காத இலை

பூமிக்கு அடியில் உள்ள இந்த நகரம் ஒரே ஒரு வாக்கின் மேல் நிற்கிறது. மந்திரக்காரி வெள்ளச்சி முதன்முதலில் மண்ணை விலக்கி இடம் கேட்டபோது, "சாப்பிட்டு முடிச்சதும் கிளம்பிடுறோம், அதுவரைக்கும் மேல விழுந்துடாத" என்றாள். பூமியும் சம்மதித்தது. அன்றிலிருந்து இங்கே யாரும் சாப்பிட்டு முடித்ததில்லை. கை கழுவுவார்கள், வேலைக்குப் போவார்கள். இலையை மட்டும் விரித்தபடியே விட்டுவிடுவார்கள். மேலேயிருந்து வந்த புது மாப்பிள்ளை அமுதனுக்கு இதைச் சொல்ல எல்லோருமே மறந்துபோனார்கள். கல்யாணப் பந்தியில் வயிறு முட்டச் சாப்பிட்டவன், மரியாதையாக இலையை மடித்தான். இத்தனை தலைமுறையாகக் காத்திருந்த பூமிக்கு அது போதும். கூரை கிடுகிடுத்தது, சாம்பாரில் மண் உதிர்ந்தது. மாமியார் பூவாத்தாள் வாளியோடு ஓடிவந்து அவன் இலையைப் பிரித்தாள். "என்ன மாப்ள அவசரம்? இன்னும் பாயசமே வரலையே." ஒரு கரண்டி ஊற்றினாள். கூரை அப்படியே நின்றது. பிறகு அதிலிருந்து ஒரு வேர் மெல்ல இறங்கிவந்து, நுனியால் பாயசத்தைத் தொட்டது. மறுபடியும் தொட்டது. பூவாத்தாள் மாப்பிள்ளைக்குப் பக்கத்தில் இன்னோர் இலை போட்டாள். "உக்காரு, நிதானமா சாப்பிடு" என்றாள் வேரிடம்.